பாறைக்கு அடியில் பெனினாவின் மகன்

என் தம்பி தாவிலி பெனினாவைக் கட்டிக்கொண்டு வந்தபோது எங்கள் வீட்டில் யாரும் அசந்துபோய்விடவில்லை. ஒல்லி உடம்பு. பேச்சு குறைவு. கோயிலில் பாடச் சொன்னால் உதடு அசையும், சத்தம் வராது. என் அப்பா அவளை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "இவள காத்து அடிச்சா கடல் தாண்டி உப்போலு வரைக்கும் தூக்கிட்டுப் போயிடும். காலுல கல்லக் கட்டி வைங்கடா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள், சிரிக்க வேண்டும் என்பதற்காக.

எங்கள் பக்கத்தில் வீட்டில் பிறந்த பெண்ணுக்கு ஒரு மரியாதை, வந்து சேர்ந்த பெண்ணுக்கு இன்னொரு மரியாதை. நான் பிறந்த பெண். அண்ணனும் தம்பியும் என் முன்னால் குரலை உயர்த்த மாட்டார்கள், நான் வீட்டின் முன்பக்கம் உட்கார்ந்திருப்பேன். வந்த பெண்ணின் இடம் பின்னால், அடுப்படியில். புகையில் கண் எரிய சேம்பை வேக வைத்து, முன்னால் இருப்பவர்கள் சாப்பிட்டு முடித்தபிறகு மிச்சத்தைச் சாப்பிட வேண்டும். இது நியாயமா என்று கேட்காதீர்கள். எனக்கு வசதியாக இருந்தது, அவ்வளவுதான்.

என் அப்பாதான் அப்போது தோமானு. அது எங்கள் குடும்பத் தலைவரின் பட்டப்பெயர். ஆள் மாறுவார், பெயர் மாறாது. அப்பாவுக்குக் கடைசிக் காலத்தில் ஒரு பல் கூட இல்லை. சேம்பை மசித்துத் தேங்காய்ப்பாலில் குழைத்துக் கொடுப்பது பெனினாவின் வேலை. "கட்டியா இருக்கு" என்பார். இன்னும் மசித்துக் கொண்டுவந்தால், "என்ன, பச்சக் கொழந்தைக்கா ஊட்டுற?" என்பார். அவள் பதில் சொல்லி நான் கேட்டதில்லை.

அவளுக்கு ஒரே மகன், ஏனோகா. அவன் மட்டும் அப்பாவுக்குச் செல்லம். கிரிக்கெட் மட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு ஊர் முழுக்கச் சுற்றுவான், கரும்பைப் பல்லால் உரித்துத் துப்பிக்கொண்டே போவான். மீசை அரும்பும் வயதில் பவளப்பாறையில் காலைக் கிழித்துக்கொண்டான். சின்னக் காயம்தான், எண்ணெய் தடவினோம். சீழ் பிடித்து, காய்ச்சல் தலைக்கு ஏறி, போய்விட்டான். வீட்டுக்கு முன்னால் புதைத்தோம். எங்கள் வீட்டு ஆட்கள் எல்லோரும் அங்கேதான், வாசலிலேயே இருப்பார்கள். அதே வருடம் அப்பாவும் போனார். பேரன் பக்கத்திலேயே தனக்கும் குழி வெட்டச் சொல்லியிருந்தார், அப்படியே செய்தோம். அப்பாவின் சமாதிக்குக் கல்லை அடுக்கடுக்காக உயர்த்தினோம், ஏனோகாவுக்கு ஒரே வரிசைக் கல். மேலே வெள்ளைக் கூழாங்கல் பரப்பினோம். பெனினா தினமும் காலையில் இரண்டையும் பெருக்குவாள். என் அண்ணன் அசோமுவா தோமானு ஆனார்.

அதற்குச் சில வருடம் கழித்துத்தான் மலை வாயைத் திறந்தது.

எங்கள் தீவு சவாயியின் உள்ளே, மாத்தாவனு மலைப் பக்கம் முதலில் வெறும் புகைதான். ஊரே சாப்பாடு கட்டிக்கொண்டு வேடிக்கை பார்க்கப் போனது. போய் வந்தவர்கள் காலைச் சுட்டுக்கொண்ட கதையைப் பெருமையாகச் சொன்னார்கள். பிறகு தீக்குழம்பு பள்ளத்தாக்கு வழியாக இறங்கிக் கடலுக்குள் விழ ஆரம்பித்தது. விழுந்த இடத்தில் கடல் கொதித்தது. கரையில் வெந்த மீன் ஒதுங்கியது. "கடவுளே சமைச்சுப் போடுறாரு, அடுப்படி வேலை மிச்சம்" என்று பெண்கள் பொறுக்கி வந்தார்கள். அந்தச் சிரிப்பெல்லாம் கொஞ்ச நாள்தான். கடலிலிருந்து எழுந்த ஆவி மழையாகத் திரும்பி வந்து தோலில் பட்டால் அரித்தது. சேம்பு இலை கருகியது. தென்னை மொட்டையாயிற்று. சீமைப்பலா ஒரு இலை இல்லாமல் நின்றது. போதகர் இது பாவத்தின் சம்பளம் என்றார். யாருடைய பாவம் என்று மட்டும் சொல்லவில்லை.

அது ஓடி வரவில்லை. ஓடி வந்திருந்தால் நாங்களும் ஓடியிருப்போம். மேலே கறுத்து இறுகிப்போன தோல், உள்ளே சிவப்பு. ஒரு இடத்தில் நிற்கும், உப்பும், தோல் வெடிக்கும், கொஞ்சம் வழியும், மறுபடி நிற்கும். பக்கத்து ஊரை இப்படித்தான் மாதக்கணக்கில் தின்றது. நாங்கள் பார்த்துக்கொண்டே இருந்தோம். பார்த்துப் பார்த்து மரத்துப்போயிற்று. இன்றைக்கு யார் வீடு என்று மீன் விலை கேட்பதுபோலக் கேட்போம்.

எங்கள் பக்கம் திரும்பியபோது அண்ணனுக்கு ஒரு யோசனை வந்தது. சுவர் கட்டித் திருப்பிவிடலாம். கல்லுக்கு எங்கே போவது? அப்பாவின் சமாதியில் அத்தனை கல் இருந்தது.

"அப்பாவே முன்னால நின்னு தடுப்பாரு. உசுரோட இருந்தப்போ அவர் பேச்ச யாரு மீறினா?" என்றார் அண்ணன்.

சமாதிக் கல்லை எல்லாம் பெயர்த்துச் சுமந்து போனார்கள். அப்பாவுடையது, ஏனோகாவுடையது, எல்லாக் கல்லும். சுவர் நன்றாகத்தான் இருந்தது. தீக்குழம்பு வந்து சுவரில் சாய்ந்து, உப்பி, மேலேறி, இந்தப் பக்கம் வழிந்தது. அப்பாவின் பேச்சை மீறிவிட்டது.

பிறகு அவசரம். வீட்டைப் பிரித்தோம். கூரையைத் துண்டு துண்டாகக் கழற்றி, தூண்களைப் பிடுங்கிப் படகுக்குக் கொண்டுபோனோம். மண்டையில் வெயிலும் முதுகில் அனலும். வீடு போனபிறகு பார்த்தால் அது எங்கள் வாசலாகவே தெரியவில்லை. மரம் இல்லை, வீடு இல்லை, கல் இல்லை. பழைய குழிகள் எப்போதோ தரையோடு போயிருந்தன, சாம்பல் மூடிய தரையில் ஒரே மாதிரி இரண்டு மேடு, அவ்வளவுதான்.

அண்ணன் அப்பாவின் எலும்பை எடுத்துக்கொண்டு போக முடிவு செய்தார். தலைவரின் எலும்பு இல்லாமல் இன்னொரு மண்ணில் போய் உட்கார்ந்தால் நாம் யார் என்று கேட்பார்கள் என்றார். அது சரிதான். அப்போதுதான் பெனினா அடுப்படிச் சாமான்களைக் கீழே போட்டுவிட்டு வந்து அவர் காலடியில் உட்கார்ந்தாள்.

"புள்ளையையும் எடுத்துருங்க. பக்கத்துலதான இருக்கான். நானே தோண்டுறேன்."

"நேரம் இல்ல பெனினா. அங்க பாரு."

தீக்குழம்பு கோயில் படியில் நின்றுகொண்டிருந்தது. கண்ணாடி உடைவதுபோல் ஒரு சத்தம் அதிலிருந்து விடாமல் வந்தது.

"சின்ன எலும்புதான். ஒரு கூடைல அடங்கிரும்."

"முதல்ல தலைவர். அப்புறம் முடிஞ்சா பாக்கலாம்."

அவள் தாவிலியைப் பார்த்தாள். என் தம்பி தரையைப் பார்த்தான். நான் அப்பாவுக்காக நின்றேன், அதனால் வாயைத் திறக்கவில்லை. "போ, பானைகள படகுல ஏத்து" என்றார் அண்ணன். அவள் எழுந்து, பானைகளைப் பொறுக்கிக்கொண்டு போனாள். நானும் கூடப் போனேன். தோண்டும்போது பெண்கள் நிற்கக் கூடாது என்பது எங்கள் வீட்டு வழக்கம்.

ஆண்களும் பார்க்க மாட்டார்கள். தகப்பன் எலும்பை மகன் கண்ணால் பார்க்கக் கூடாது என்று முகத்தைத் திருப்பிக்கொண்டு கையால் துழாவிப் பாயில் அள்ளுவார்கள். அன்றைக்குப் புகை வேறு. அள்ளினார்கள், சுருட்டினார்கள், ஓடிவந்தார்கள். முடிந்தால் பாக்கலாம் என்றது முடியவில்லை. படகு நகரும்போது திரும்பிப் பார்த்தேன். வாசல் இருந்த இடத்தில் கறுப்பாக ஒன்று மெதுவாக ஊர்ந்தது.

கரையோரம் சொந்தக்காரர் ஊர் ஒன்றில் இறங்கினோம். மறுநாள் பகலில் எலும்பைக் கழுவும் வேலை என்னிடமும் பெனினாவிடமும் வந்தது. தலைவரின் மகள் கழுவ வேண்டும், மருமகள் தண்ணீர் ஊற்ற வேண்டும். ஒரு தட்டி மறைவில் பாயை விரித்தோம். மண்ணைத் தட்டித் தட்டி ஒவ்வொன்றாக எடுத்தேன். தாடை எலும்பு கைக்கு வந்தது.

தாடை நிறையப் பல். வெள்ளை வெளேரென்று, வரிசையாக.

என் கை அப்படியே நின்றது. பெனினா தண்ணீர் ஊற்றுவதை நிறுத்தவில்லை. மண் கரைந்து போகப் போகப் பல் இன்னும் வெளுத்தது. அவள் சிரட்டையைக் கீழே வைத்துவிட்டு அந்தத் தாடையை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

"பெனினா, இது..."

"தெரியுது அண்ணி."

"அப்ப அப்பா?"

சொல்ல என்ன இருக்கிறது? அப்பா பாறைக்கு அடியில். நான் அழுதிருக்க வேண்டும். நெஞ்சைத் தடவிப் பார்த்தேன், ஒன்றும் வரவில்லை. அவள் மகன் கிடைத்துவிட்டான், அவளாவது அழுதிருக்க வேண்டும். அவளுக்கும் வரவில்லை. ஒவ்வொரு பல்லாக விரலால் தடவிச் சுத்தம் செய்துகொண்டிருந்தாள், அவ்வளவுதான்.

"நான் அண்ணங்கிட்ட சொல்லிடறேன்" என்று எழுந்தேன்.

அவள் என் துணியைப் பிடித்தாள். அதுவரைக்கும் அவள் என்னைத் தொட்டதே கிடையாது.

"சொல்லாதீங்க அண்ணி. சொன்னா அப்பாவத் தேடி ஆம்பளைங்க திரும்பவும் நெருப்புக்குள்ள போவாங்க. உங்க அண்ணன் போவாரு, உங்க தம்பியையும் இழுத்துட்டுப் போவாரு."

"அதுக்காக?"

"இவனத் தூக்கி எங்கயாவது பின்னாடி வெச்சிருவாங்க. இப்ப பாருங்க, நாலு பாயில சுத்தி வெப்பாங்க. ஊரே வந்து கும்பிடும். இருந்துட்டுப் போகட்டுமே."

"நீ அவன உம் மகன்னு சொல்லவே முடியாதுடி. சாகுற வரைக்கும்."

"செத்தவன்தான அண்ணி. பேரு சொல்லிக் கூப்பிட்டா மட்டும் வரப்போறானா?"

எண்ணெய் தடவி, மரப்பட்டைத் துணியில் சுற்றி, அதற்குமேல் எங்கள் குடும்பச் சொத்தான பழைய மெல்லிய பாயைச் சுற்றி, முடிச்சைப் போட்டோம். அவள் முடிச்சு போட்ட விதத்தைப் பார்த்தால் இனி யாராலும் அவிழ்க்க முடியாது என்று தோன்றியது.

அரசாங்கம் எங்களுக்குப் பக்கத்துத் தீவான உப்போலுவில் நிலம் கொடுத்தது. வேறு வேறு குடும்பங்கள் வந்து சேர்ந்து யாருக்கு எந்த இடம் என்று முறைத்துக்கொண்டு நின்றார்கள். மற்றவர்கள் சட்டிபானையோடு வந்திருந்தார்கள். நாங்கள் தலைவரோடு வந்திருந்தோம். அந்தப் பாயைப் பார்த்ததும் எல்லோரும் வழி விட்டார்கள். ஊர்ப் பொதுவெளிக்கு நேர் எதிரே முதல் இடம் எங்களுக்கு. சபையில் காவா பானம் ஊற்றும்போது முதல் கிண்ணம் எங்கள் வீட்டுக்கு. இன்றுவரை அப்படித்தான். ஒரு கிரிக்கெட் பைத்தியத்தின் புண்ணியத்தில்.

வாசலில் சமாதி எழுந்தது. கல்லை அடுக்கடுக்காக உயர்த்தி, வெள்ளைக் கூழாங்கல் பரப்பி, தோமானு என்று பேர் வைத்தாயிற்று. போதகர் நீளமாக ஜெபம் செய்தார். கூட்டத்தில் பெண்கள் பெனினாவைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். "பாவம்டி நீ, உம் புள்ள மட்டும் அந்த நெருப்புக்குள்ள தனியாக் கெடக்கான்" என்றார்கள். அவள் தலையை ஆட்டினாள். அவள் கண் அந்தக் கூழாங்கல்லைவிட்டு நகரவில்லை.

காலையில் சமாதியைப் பெருக்குவது மருமகள் வேலை. அதனால் யாரும் எதுவும் நினைக்கவில்லை. வேறு மருமகள்கள் வந்தபிறகும் துடைப்பத்தை அவள் யாரிடமும் கொடுக்கவில்லை. "பாரு, உயிரோட இருக்கறப்போ மாமனார் அத்தனை திட்டினாரு, அவருக்கு எவ்வளவு மரியாதை செய்யுறா" என்று ஊர் மெச்சியது. எனக்குச் சிரிப்பு வரும். சில நாள் ஆத்திரமும் வரும். என் அப்பாவுக்கு யார் பெருக்குகிறார்கள்?

மலை ஓய்ந்தபிறகு அண்ணன் ஒரு பழக்கத்தை ஆரம்பித்தார். ஏனோகாவை விட்டுவிட்டு வந்தது அவர் மனதில் உறுத்திக்கொண்டே இருந்தது, அதை அவரே எங்களிடம் சொல்லியிருக்கிறார். வருடம் ஒருமுறை குடும்பத்தோடு படகேறி சவாயிக்குப் போவது, பழைய ஊரின்மேல் உறைந்து கிடக்கும் பாறையில் மாலை வைத்து ஜெபம் செய்வது. கடலும் கறுப்பு, நிலமும் கறுப்பு. காலுக்கு அடியில் அது கயிறு கயிறாக முறுக்கிக்கொண்டு கிடக்கும், சில இடத்தில் மிதித்தால் அப்பளம்போல் நொறுங்கும். பிடுங்காமல் விட்ட கோயில் சுவர் கொஞ்சம் மட்டும் தலைநீட்டிக்கொண்டிருந்தது. அதை அடையாளமாக வைத்து, கையை நீட்டி நீட்டிப் பார்த்து, "இங்கதான்" என்று அண்ணன் ஒரு இடத்தைக் காட்டினார். அதுவும் ஒரு குத்துமதிப்புதான்.

முதல் தடவை அண்ணன், "அவனுக்குப் பிடிச்சத வை பெனினா" என்று ஒரு கட்டுக் கரும்பைக் கொடுத்தார். அவள் மண்டியிட்டு அதைப் பாறைமேல் வைத்தாள். எல்லோரும் தலையைக் குனிந்து நின்றோம். எனக்கு வாய் சும்மா இருக்காது. அவள் காதருகே குனிந்து சொன்னேன்:

"பல்லில்லாத மனுசனுக்குக் கரும்ப வைக்கிறியே. யாரு மசிச்சுக் குடுப்பா?"

அவள் தோள் குலுங்கியது. வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டாள். உடம்பெல்லாம் ஆடியது. நான் அவளை அப்படிச் சிரித்துப் பார்த்ததே இல்லை. பின்னால் நின்றவர்களுக்கு முதுகு மட்டும்தான் தெரிந்தது. "ஐயோ, தாயி உடைஞ்சுபோயிட்டா" என்று யாரோ சொல்ல, அத்தனை பேரும் ஓவென்று அழ ஆரம்பித்தார்கள். தாவிலி பாறையில் தலையை முட்டிக்கொண்டு அழுதான். அவனைப் பார்த்ததும் அவள் சிரிப்பு நின்றுவிட்டது. அன்றைக்குத் திரும்பி வரும் வழி முழுக்க அவள் தாவிலியின் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். நானும் அந்த மாதிரி விளையாடுவதை விட்டுவிட்டேன்.

அதற்குப்பிறகு வருடாவருடம் போனாள். மாலை வைத்தாள், கரும்பு வைத்தாள். யார் என்ன ஆறுதல் சொன்னாலும் தலையை ஆட்டினாள்.

பிறகு கப்பலில் அந்த விஷக்காய்ச்சல் வந்தது. நியூசிலாந்துக்காரர்கள் ஆண்ட காலம். அதைப்பற்றி எனக்குச் சொல்லத் தெரியாது. எந்த வீட்டிலும் நெருப்பு மூட்ட ஆள் இல்லை. வண்டி வரும், பாயில் சுருட்டியதைத் தூக்கிக்கொண்டு போகும். அண்ணன் போனார். தாவிலி போனான். இருவரும் ஒரே குழியில், ஊரில் பாதிப் பேரோடு. பெனினாவும் நானும் பிழைத்துக்கொண்டோம், எதற்கு என்று தெரியவில்லை. மலையைப் பார்த்தே மரத்துப்போன மனசுக்கு இதற்கென்று தனியாக எதுவும் மிச்சமில்லை.

எழுந்து உட்கார முடிந்ததும் அவளைக் கேட்டேன்.

"தாவிலிகிட்டயாவது சொன்னியா?"

"இல்ல அண்ணி."

"சாகப்போறவங்கிட்டகூடவா?"

"சொல்லணும்னு வாய் வரைக்கும் வந்துச்சு. சொன்னா அழுவாரு. முன்வாசலுக்கு ஓடிப்போயி அந்தக் கல்லக் கட்டிக்கிட்டு அழுவாரு. எல்லாருக்கும் தெரிஞ்சுபோயிரும்." எழுந்து துடைப்பத்தை எடுத்துக்கொண்டு, "ஏனோகாவப் பாக்கப் போறேன்னு சொல்லிட்டுத்தான் போனாரு" என்றாள்.

அண்ணன் மகன் சிமியோனா தோமானு ஆனான். நல்ல பையன், இளகிய மனசு. அவனுக்குக் கல்யாணம் ஆகி, குழந்தைகள் வந்து, சமாதிக்கு சிமென்ட் பூசி, வருடங்கள் போயின. பெனினா அடுப்படியிலிருந்து முன்பக்கம் வர அவளை மூப்புதான் அழைத்து வந்தது. பெருக்க முடியாத அளவுக்கு முதுகு வளைந்தபிறகும் உட்கார்ந்தபடி நகர்ந்து நகர்ந்து பெருக்கினாள். ஒருநாள் பெருக்கும்போதே சரிந்தாள். இனி எழுந்திருக்க மாட்டாள் என்று எல்லோருக்கும் தெரிந்தது.

வீட்டு ஆட்கள் எல்லோரும் கூடினார்கள். எங்கள் வீட்டுக்குச் சுவர் கிடையாது, தட்டியைத் தூக்கிக் கட்டினால் வாசல் அப்படியே தெரியும். சமாதிக்கு நேராக அவளைப் படுக்க வைத்திருந்தோம். சிமியோனா அவள் பக்கத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்தான்.

"சித்தி, எங்கள வளத்தீங்க. உங்களுக்கு என்ன வேணும்னாலும் கேளுங்க."

அவள் இந்த வீட்டில் எதையும் கேட்டவள் இல்லை. ஒருமுறை கேட்டாள், கிடைக்கவில்லை. அதனால் அவள் வாய் திறந்ததும் நான் நகர்ந்து கிட்டே போனேன்.

"அந்தச் சமாதிக்குக் கால்மாட்டுல, கொஞ்சமா ஒரு எடம் போதும்பா. கல்லுகூட வேணாம்."

குடும்பத்துக்காகச் சபையில் பேசும் பெரியவர் தொண்டையைக் கனைத்தார். "கேக்குறது தப்பில்ல. ஆனா தலைவரு காலடியில தலைவரோட ரத்தம்தான் கெடக்கணும். வேற ஊருல இருந்து வந்த பொண்ண அங்க வெச்சா நாளைக்கு ஊர் சிரிக்கும். கட்டுன புருசன் பக்கத்துல வைக்கலாம், அவரும் பொதுக்குழியில போயிட்டாரு."

மற்றவர்கள் தலையாட்டினார்கள். சிமியோனா சங்கடத்தோடு பாயின் ஓரத்தைப் பிய்த்துக்கொண்டிருந்தான். எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. எத்தனை வருடம் பொறுப்பது?

"தலைவரா? எந்தத் தலைவரு?" என்று கத்தினேன். "அங்க கெடக்கறது எங்க அப்பா இல்லடா. எங்க அப்பா பாறைக்கு அடியில கெடக்காரு. கல்லையெல்லாம் சுவருக்குப் பிடுங்கிட்டு, கண்ண மூடிக்கிட்டு தப்பான குழியத் தோண்டினாங்க உங்க அப்பனும் சித்தப்பனும். நாங்க ரெண்டு பேருந்தான் கழுவினோம். அது ஏனோகா. இவ பெத்த மகன். அவன் காலடியில இவ படுக்கக் கூடாதா?"

பெரியவரின் முகம் வெளுத்தது. நான் சொன்னது நிஜமென்றால் முதல் இடம் போய்விடும், முதல் கிண்ணம் போய்விடும், இத்தனை வருடம் ஊரே கும்பிட்டது ஒரு பையனை என்றாகிவிடும்.

"நம்பலைன்னா தொறந்து பாருங்க. எங்க அப்பாவுக்குப் பல்லே கெடையாது. அங்க இருக்கறவனுக்கு எல்லாப் பல்லும் இருக்கு."

சிமியோனா அவள் பக்கம் திரும்பினான்.

"சித்தி. நீங்க சொல்லுங்க. நீங்க என்ன சொன்னாலும் நான் ஏத்துக்கறேன். அங்க இருக்கறது ஏனோகாவா?"

அவள் வாசலைப் பார்த்தாள். சிமென்ட்டின்மேல் வெயில் அடித்துக்கொண்டிருந்தது. அன்று காலை சிமியோனாவின் மகள் பெருக்கியிருந்தாள், சரியாகப் பெருக்கவில்லை. ஆமாம் என்று ஒரு வார்த்தை. பெனினா, சொல்லித்தொலை என்று என் மனசு அடித்துக்கொண்டது. மகன் என்று வாயாரச் சொல்ல அவளுக்குக் கிடைத்த ஒரே சந்தர்ப்பம் அது.

"உங்க அத்தைக்கு வயசாயிருச்சுப்பா" என்றாள். "என்னென்னமோ பேசுறாங்க. என் மேல இருக்கற பாசத்துல பேசுறாங்க."

"அப்ப ஏனோகா?"

"அவன் பாறைக்கு அடியிலதான் இருக்கான். உங்களுக்குத் தெரியாதா? வருசா வருசம் போறோமே."

எல்லோரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டார்கள். பெரியவர் என்னைப் பார்த்துப் பரிதாபமாகச் சிரித்தார். சிமியோனாவின் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. அவள் கையை எடுத்துத் தன் முகத்தில் வைத்துக்கொண்டான்.

"எனக்கு ஏன் தோணாமப் போச்சு? சித்தி, உங்கள ஏனோகாகிட்டயே கொண்டுபோறோம். கடல் எப்படி இருந்தாலும் சரி. உங்க புள்ள பக்கத்துலயே வைக்கிறோம். இது தோமானுவோட வாக்கு."

அவள் அவன் கன்னத்தைத் துடைத்துவிட்டாள்.

"சரிப்பா. சந்தோசம்" என்றாள்.

எல்லோரும் எழுந்துபோனபிறகு அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அடிக்கலாம்போல இருந்தது.

"ஏன்டி? ஒரு வார்த்த சொல்லியிருந்தா?"

"சொல்லியிருந்தா தொறந்து பாத்திருப்பாங்க. பாத்துட்டு அப்படியே மூடியிருப்பாங்களா? அவன எடுத்து வெளிய போட்டிருப்பாங்க அண்ணி." மூச்சு வாங்கினாள். "அவன் இங்கயே இருக்கட்டும். சின்னப் புள்ளைங்க ஓடுற எடம். வெயில் நல்லா விழுது."

"நீ?"

"எனக்கு எங்க இருந்தா என்ன."

அவள் கண்ணை மூடும்வரை முகம் வாசல் பக்கமே இருந்தது.

சிமியோனா வாக்குத் தவறவில்லை. பெரிய படகாகப் பிடித்தான். போதகர் வந்தார், பாடகர் குழு வந்தது, பக்கத்து ஊர்க்காரர்கள்கூடக் கேள்விப்பட்டு வந்தார்கள். இப்படி ஒரு மருமகளுக்கு இப்படி ஒரு குடும்பம் செய்யுமா என்று பேசிக்கொண்டார்கள். நானும் போனேன். என்னைக் கைத்தாங்கலாகப் பிடித்து அந்தக் கறுப்புப் பாறைமேல் நடத்திக்கொண்டு போனார்கள். அண்ணன் குத்துமதிப்பாகக் காட்டிய இடத்துக்குப் பக்கத்தில் பாறையில் ஒரு பள்ளம் இருந்தது. பெட்டியை அதற்குள் இறக்கி, சுற்றிலும் கிடந்த கல்லை எடுத்து மூடினார்கள். அங்கே மண் கிடையாது, ஒரு பிடி போடக்கூட. பாடினார்கள். நன்றாகத்தான் பாடினார்கள்.

எனக்கு அழுகை வந்தது. இத்தனை வருடத்தில் முதல் தடவை. அவளுக்காகவா, கீழே இருக்கும் அப்பாவுக்காகவா என்று தெரியவில்லை.

சிமியோனா வந்து என் தோளை அணைத்துக்கொண்டான். அவன் முகம் தெளிவாக இருந்தது, பெரிய கடன் ஒன்றைத் தீர்த்த மாதிரி.

"அழாதீங்க அத்தை. அம்மாவும் புள்ளையும் ஒருவழியா சேந்துட்டாங்க."

"ஆமாப்பா" என்றேன்.